கொற்கைத் துறையும் கொற்கை வயலும்

கொற்கை என்றவுடனே தமிழ் கற்றார் நெஞ்சில் முதற்கண் எழுவது முத்து. அதனையடுத்து எழுவது பெருமூச்சு. பாண்டியரின் பெருந்துறையாய் விளங்கிய பட்டினம் இன்று ஒரு சிற்றூராய்க் குறுகிவிட்டதே என்னும் இரக்கம், மேடைகளிலும் கட்டுரைகளிலும் கேட்டுக் கேட்டு நமக்குப் பழகிப்போன ஒன்று. யாமும் அவ்வாறு இரங்கியவர்களே. முதலாண்டு வகுப்பில், மறைந்த பட்டினங்கள் என்னும் பொருள்பற்றி வரைந்த கட்டுரையிற் கொற்கைக்கென்றே ஒரு பக்கம் முழுவதும் கண்ணீர் வடித்தோம். நல்ல மதிப்பெண்ணும் பெற்றோம். அக்கட்டுரையை இப்பொழுது எடுத்துப் பார்க்குங்கால் நாணமே மிகுகின்றது. கொற்கையை அதற்குமுன் ஒருமுறையேனும் யாம் கண்டதில்லை.

சென்ற தைத் திங்களில், உடன்பயிலும் தோழர் இருவரோடு ஆங்குச் சென்றிருந்தோம். ஏரலில் பேருந்தினின்று இறங்கிக் கிழக்கு நோக்கிச் செல்லும் சாலையிற் சென்றால், இருமருங்கும் வாழையும் நெல்லும் மாறி மாறி வருகின்றன. பிசானப் பயிர் கதிர்விடும் பருவம். குளம் நிறைந்திருந்தது. வெற்றிவேலம்மன் கோயிலையும், அக்கசாலை என்னும் பெயரை இன்றும் தாங்கிநிற்கும் கோயிலையும், வயது கூறமுடியாத பழைய வன்னிமரம் ஒன்றையும் கண்டோம். அக்கசாலையாவது பொன்னும் காசும் அடிக்கும் பட்டறை. பாண்டியரின் நாணயச்சாலை ஈண்டு இருந்ததென்பதற்கு அவ்வூர்ப் பெயரே சான்றென்பர். இவையெல்லாம் எதிர்பார்த்துச் சென்றவை. எதிர்பாராது எதிர்ப்பட்டவர் ஒருவர். குளக்கரையில் மண்வெட்டியைத் தோளிற் சார்த்தி நின்ற முதியவர், எம் கையிலிருந்த குறிப்பேடுகளைக் கண்டு, "முத்துப் பாக்கவா தம்பி வந்திய? இங்கன தண்ணியத்தான் பாக்கலாம்," என்றார். எள்ளிச் சொன்னாரா, இயல்பாகச் சொன்னாரா என்பது எமக்கு விளங்கவில்லை. எனினும் அச்சொல்லே இக்கட்டுரைக்கு வித்து.

யாம் கூறவந்தது இதுவே: கொற்கை அழிந்துபோன துறைமுகம் அன்று, உயிரோடிருக்கும் உழவூர். துறையைக் கொன்ற பொருளும் வயலை ஈன்ற பொருளும் ஒன்றே. அப்பொருள் பொருநையின் வண்டல். துறைக்காக அழும் நாம் வயலை நோக்காது விடுவது புலமைக்கும் அழகன்று. அவ்வயலிற் பாடுபடுவோர்க்கு நாம் செய்யும் நன்றியும் அன்று.

முதலில் நில இயல்பைக் காண்போம். தாமிரபரணி பொதியிலிற் பிறந்து, சுமார் 125 கிலோமீட்டர் ஓடிப் புன்னைக்காயலருகே கடலோடு கலக்கின்றது. தமிழ்நாட்டிலேயே பிறந்து தமிழ்நாட்டிலேயே கடல்சேரும் ஆறு அது. தென்மேற்குப் பருவமழையும் வடகிழக்குப் பருவமழையும் ஆகிய இரண்டாலும் ஊட்டப்பெறுவது அதன் தனிச்சிறப்பு. மலையினின்று விரைந்திறங்கும் நீர் மண்ணைச் சுமந்துவரும், சமநிலத்தை அடைந்ததும் ஓட்டம் தளரும், சுமையை இறக்கிவைக்கும். ஸ்ரீவைகுண்டத்திற்குக் கீழுள்ள நிலமெல்லாம் இவ்வாறு இறக்கிவைத்த சுமையே எனலாம். கடல் அலையோ தன் பங்கிற்கு மணலை முகத்துவாரத்திற் குவித்தது. இவ்வாறு நூற்றாண்டுக்கு நூற்றாண்டு நிலம் கிழக்கே வளர்ந்தது. இன்று கொற்கை ஆற்றிற்கு வடக்கே சுமார் 3 கிலோமீட்டரிலும், கடலுக்கு மேற்கே சுமார் 6 கிலோமீட்டரிலும் உள்ளது. கடல் பின்வாங்கிற்று என்று பேசுவது உலகவழக்கு. நிலம் முன்சென்றது என்று கூறின், அழிவாகத் தோன்றியது ஆக்கமாகத் தோன்றும். சொல்லை மாற்றுவதால் மட்டும் வரலாறு மாறிவிடாதெனினும், எந்தச் சொல்லால் நோக்குகின்றோமோ அதற்கேற்பவே காட்சியும் அமைகின்றதன்றோ?

இந்நிலமாற்றத்தை முறைப்பட ஆராய்ந்தவர்களுள் முன்னோடியாவார் கால்டுவெல் ஐயர். 1841-இல் இடையன்குடிக்கு வந்து தேரிமணலின் நடுவே வாழ்ந்த அப்பெரியார், கொற்கையிலும் பழையகாயலிலும் அகழ்ந்து பார்த்துத் தாம் கண்டவற்றை 1877-இல் 'இந்தியன் ஆன்டிகுவரி' என்னும் இதழில் வெளியிட்டார். 1881-இல் வெளிவந்த தம் திருநெல்வேலிச் சரித்திரத்திலும் விரித்துரைத்தார். ஆற்றின் வண்டலாற் கொற்கை கடலினின்று விலக, வணிகர் கடலை நாடிச் சென்று காயலை நிறுவினர்; காயலும் அவ்வாறே தூர்ந்தது என்பது அவர் துணிபு. கி. பி. 13-ஆம் நூற்றாண்டின் இறுதியில் வெனிஸ் நகரத்து மார்க்கோ போலோ கண்டு வியந்ததும், அராபியக் குதிரைகள் வந்திறங்கியதுமாகிய காயல், இன்று நாம் பழையகாயல் என வழங்கும் ஊரே என்பதையும் அவரே நிறுவிக் காட்டினார். அதன்பின் முகத்துவாரத்திற் புன்னைக்காயல் தலையெடுத்தது. 1578-இல் 'தம்பிரான் வணக்கம்' என்னும் தமிழ்நூலை அச்சேற்றிய அண்டிரிக்கு அடிகளார் தொண்டாற்றிய ஊர் அது. போர்த்துக்கீசியர் காலத்திலே தூத்துக்குடி ஓங்கிற்று. 1974-இற் பெருந்துறைமுகமாகிய தூத்துக்குடி, இந்த வகையிற் கொற்கைக்குப் பேர்த்தி முறையாகும். அண்மைக்காலத்தில் கொற்கை என்னும் பெயராலேயே எழுந்து 2013-இற் சாகித்திய அக்காதெமிப் பரிசு பெற்ற ஜோ டி குருஸ் அவர்களின் புதினமும் பெரும்பாலும் தூத்துக்குடியின் கதையையே பேசுகின்றது. பெயர் பேர்த்தியோடு போயிற்று. குளம் பாட்டியோடு நின்றுவிட்டது.

துறையின் பெருமையை நாம் மறுக்கவில்லை. மதுரைக்காஞ்சியும் அகநானூறும் ஐங்குறுநூறும் சிறுபாணாற்றுப்படையும் கொற்கையைக் கூறுகின்றன. கோவலன் கொலையுண்டபின் கொற்கையிலிருந்த வெற்றிவேற் செழியன் மதுரைக்கு அரசனாயினான் என்பது சிலப்பதிகாரச் செய்தி. கி. பி. முதல் நூற்றாண்டினதாகிய பெரிப்ளூஸ் என்னும் கிரேக்க நூல் இவ்வூரைக் கொல்கோய் என்று குறிக்கின்றது. இரண்டாம் நூற்றாண்டினராகிய தாலமி, இன்றைய மன்னார் வளைகுடாவையே இவ்வூரின் பெயரால் வழங்கினார். ஆயின் பெரிப்ளூஸ் கூறும் இன்னொரு செய்தியை மேடையிலே யாரும் எடுத்தோதக் கேட்டிலேம். ஆங்கு முத்துக்குளிக்கும் வேலை தண்டனை பெற்ற குற்றவாளிகளைக்கொண்டு நடைபெற்றதென்பதே அது. முத்தின் ஒளியைப் பாடும்பொழுது, மூச்சடக்கி மூழ்கிய அம்மனிதரையும் நினைத்தல் தகும். முத்துக்குளித்தலும் என்றும் நிலைத்த தொழிலாய் இருக்கவில்லை. மன்னார் வளைகுடாவில் நம் கரைப்பக்கம் 1961-இற் கடைசியாக நடந்து நின்றுவிட்டது. மன்னர் போயினர், மரக்கலம் போயிற்று, முத்தும் போயிற்று. போகாது நிற்பது நெல் ஒன்றே.

இங்கே தொல்லியல் தரும் சான்றொன்றைக் காட்டாது செல்லுதல் இயலாது. தமிழ்நாடு தொல்லியல் துறையினர் 1968-69-இற் கொற்கையில் அகழ்ந்தபோது, பழைய எழுத்துப் பொறித்த ஓடுகளும் அறுத்த சங்குத் துண்டுகளும் கிடைத்தன. ஆங்குக் கிடைத்த கரி ஒன்றின் காலம் கி. மு. 785 என்று கணிக்கப்பட்டது. 2021-இல் மீண்டும் அகழ்ந்து செங்கற் கட்டுமானங்களைக் கண்டனர். அதே ஆண்டு, மேற்கேயுள்ள சிவகளையில் ஒரு முதுமக்கள் தாழியினுள்ளே நெல்லுமி கிடைத்தது. அதன் காலம் கி. மு. 1155 என்று அவ்வாண்டு செப்டம்பர் மாதம் சட்டமன்றத்தில் அறிவிக்கப்பட்டது. கொற்கைத் துறைக்குக் கிடைத்த காலத்தினும் பொருநைக்கரை நெல்லுக்குக் கிடைத்த காலம் 370 ஆண்டுகள் முந்தியது. ஈரிடத்தில் தற்செயலாய்க் கிடைத்த இரு பொருள்களைக்கொண்டு, வயலே மூத்தது, துறையே இளையது என்று அறுதியிடுதல் முறையன்று. நாளையே கொற்கையில் இன்னும் பழைய கரித்துண்டொன்று அகப்படலாம். எனினும் துறை தோன்றியபின்னரே இப்பகுதிக்கு வாழ்வு தோன்றிற்று என்றும், துறை ஒழிந்தவுடன் வாழ்வும் ஒழிந்தது என்றும் எண்ணும் எண்ணம் இதனால் தளர்ந்துவிடுகின்றது. மாலுமியும் சோறுண்டே கலமேறியிருப்பான்.

இனி வயலின் வரலாற்றுக்கு வருவோம். இது பாட்டிற் குறைவாகவும் நிலத்தில் மிகுதியாகவும் எழுதப்பெற்ற வரலாறு. தாமிரபரணியின் குறுக்கே எட்டு அணைக்கட்டுக்கள் உள. கோடைமேலழகியான், நதியுண்ணி, கன்னடியன், அரியநாயகிபுரம், பழவூர், சுத்தமல்லி, மருதூர் என்னும் ஏழும் ஆங்கிலர் ஆட்சிக்கு முற்பட்டவை. நதியுண்ணி என்ற பெயரிட்டவன் எவனோ, அவன் புலவனே. ஆற்றையே உண்ணுகின்ற கால் என்று ஒரு சொல்லில் அடக்கிவிட்டான். எட்டாவதும் கடைசியுமாகிய ஸ்ரீவைகுண்டம் அணை 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியிற் கட்டப்பட்டது. அதனினின்று வடகால், தென்கால் என இரு கால்கள் பிரிந்து, சுமார் 25,000 ஏக்கர் நிலத்திற்கு நீரூட்டுகின்றன. சிவகளை, பெருங்குளம், ஆறுமுகமங்கலம் முதலிய ஊர்களின் குளங்களைப் போலவே, கொற்கைக் குளமும் வடகாலின் நீரை எதிர்நோக்கி நிற்பது. தென்கரையிலுள்ள ஆத்தூர் வெற்றிலைக்குப் பேர்பெற்றது. 2023-இற் புவிசார் குறியீடும் பெற்றுவிட்டது.

கால் நீர் நேரே வயலுக்குப் பாய்தலும், குளத்தில் தேங்கிப் பின் பாய்தலும் வெவ்வேறு முறைகள். மேலே உள்ள அணைகளில் கால் நீரே பெரும்பாலும் வயலை எட்டிவிடும். கடைப்பகுதியிலோ குளமே உயிர். மழைக்காலத்தில் ஆறு பெருகும்பொழுது குளத்தை நிரப்பிக்கொள்ளவேண்டும். நிரம்பிய நீரை அறுவடைவரை அளந்து செலவிடவேண்டும். நெல்லைச்சீமையில் கார், பிசானம் என இருபோகம் வழங்கினும், கடைமடையார் பெரும்பாலும் பிசானத்தையே நம்பி வாழ்கின்றனர். மடை திறப்பதற்கும் அடைப்பதற்கும் ஊரால் நியமிக்கப்பட்ட ஆள் உண்டு. மடைக்குடும்பன் என்றும் நீர்பாய்ச்சி என்றும் வழங்குவர். அளவு மீறிய நீர் வெளியேறும் வாயிலைப் பிறநாட்டார் கலிங்கு என்ப. நெல்லைச்சீமையார் மறுகால் என்பர். குளம் நிரம்பிற்றா என்று யாரும் வினவார். மறுகால் விழுந்ததா என்றே வினவுவர். ஒரு சொல்லில் ஓராண்டின் நற்செய்தி முழுவதும் அடங்கிவிடுகின்றது. இச்சொற்களைச் சிறப்புத் தமிழ் பயிலும் யாம் எந்தப் பாடப்புத்தகத்திலும் கற்றிலேம், குளக்கரையிலே கற்றோம்.

இலக்கண முறைப்படி நோக்கினும் கொற்கை ஒரு புதுமை. புலவர் பாடிய கொற்கை நெய்தல். இன்றைய கொற்கையோ வயலும் குளமும் சூழ்ந்த மருதம். முல்லையும் குறிஞ்சியும் வெம்மையால் திரிந்து பாலையாகும் என்பதைச் சிலப்பதிகாரத்திற் படிக்கின்றோம். நெய்தல் வண்டலால் திரிந்து மருதமாதலை யாம் படித்த அளவில் எந்நூலும் உரைக்கவில்லை. ஆயினும் கொற்கை நம் கண்முன் அதனை உரைத்துக்கொண்டிருக்கின்றது. திணை என்பது மாறாத சட்டகம் என்று மனப்பாடம் செய்துவிட்ட எமக்கு, ஒரே ஊர் ஈராயிரம் ஆண்டில் திணை மாறிநிற்பதைக் காண்பது, நூறு உரைகளைப் படிப்பதினும் பயன்தந்தது.

மருதம் என்றவுடன் அதனையும் பொன்னுலகமாக்கிப் பாடிவிடும் ஆபத்து உண்டு. அது கூடாது. நட்டவர் கைக்கு நிலம் உரிமையாயிராத காலம் நெடியது. நாற்றுநட்டும் களைபறித்தும் கதிரறுத்தும் வந்தவருட் பலர் ஊரின் புறத்தே வைக்கப்பட்டிருந்தனர். மடையைக் காத்தவன் பெயர் கல்வெட்டில் அரிதாகவே காணப்படும்; கொடுத்தவன் பெயரும் கொண்டவன் பெயருமே பெரிதும் காணப்படும். துறையின் பெருமையிலே மூழ்கியவனை மறந்தது போல, வயலின் பெருமையிலும் சேற்றில் நின்றவரை மறத்தல் எளிது.

இத்தகைய ஊருக்கு இன்று நேர்ந்துள்ள இடர் என்ன? ஆற்றின் கடைசியில் இருப்பதே இடர். மேலே எது நிகழினும் கீழே வந்து சேரும். மேலே எது குறையினும் கீழேதான் முதலிற் குறையும். ஆற்றுமணலை வரம்பின்றி அள்ளியதால் நிகழ்ந்த கேட்டை எதிர்த்து, ஸ்ரீவைகுண்டத்திற் பிறந்த இரா. நல்லகண்ணு அவர்கள் முதுமையிலும் நீதிமன்றம் ஏறினார். 2010-இல் உயர்நீதிமன்ற மதுரைக் கிளை தாமிரபரணியில் மணல் அள்ளுதலைத் தடுத்தது. மறுபுறம், ஸ்ரீவைகுண்டம் அணைக்குள்ளே மண்படிந்து நீர்கொள்ளும் இடம் குன்றிவிட்டதென்று வழக்கெழுந்து, தூர்வாரும்படி 2015-இல் தேசியப் பசுமைத் தீர்ப்பாயம் கட்டளையிட்டது. இருக்கவேண்டிய ஆற்றில் மணல் இல்லை. இருக்கலாகாத அணையில் மண் நிறைந்தது. இதனினும் வேடிக்கையான முரணை யாம் கண்டதில்லை. தூத்துக்குடி நகரும் அதனைச் சூழ்ந்த ஆலைகளும் தாமிரபரணி நீரையே நாடி வந்துள்ளன. பேர்த்தி பாட்டியின் குடத்து நீரைக் குடிக்கின்றாள். குடிக்கட்டும்; நகரத்தார்க்கும் தாகம் உண்டு. பாட்டியின் வயல் காய்கின்றதா என்று ஒருமுறை கேட்டுவிட்டுக் குடித்தல் வேண்டும் என்பதே எம் வழக்கு.

நீர் குறைவால் மட்டும் இடர் என்று எண்ணவேண்டா. 2023 டிசம்பர் 17, 18 நாட்களிற் பெய்த பெருமழையை இப்பகுதியார் எளிதில் மறவார். காயல்பட்டினத்தில் ஒருநாளில் சுமார் 95 சென்டிமீட்டர் மழை பதிவாயிற்று. திருச்செந்தூரினின்று புறப்பட்ட புகைவண்டி, நூற்றுக்கணக்கான பயணிகளோடு ஸ்ரீவைகுண்டம் நிலையத்தில் வெள்ளத்தினிடையே நின்றுவிட்டது. ஏரலில் ஆற்றுப்பாலத்தின் இணைப்புச் சாலையை வெள்ளம் அடித்துச் சென்றது. வாழையும் நெல்லும் நீரின்கீழ்க் கிடந்தன. யாம் கண்ட முதியவர் அவ்வெள்ளத்தைப் பற்றிப் பேசும்பொழுதுதான் வண்டலுக்கும் மணலுக்கும் உள்ள வேற்றுமையை எமக்கு விளக்கினார். மெல்ல ஏறி மெல்ல வடியும் வெள்ளம் வண்டலை விட்டுச்செல்லும். அடுத்த போகத்திற்கு எருவே வேண்டா. உடைத்துக்கொண்டு பாயும் வெள்ளமோ மணலைக் கொட்டிச்செல்லும். அதனை அள்ளிப்போக்கும் செலவு ஒரு போகத்தின் வரவை விழுங்கிவிடும். தம் வயலில் முழங்காலளவு மணல் கிடந்ததென்றும், அதனை அகற்ற மனைவியின் சங்கிலியை அடகுவைத்ததாகவும், அது இன்னும் மீளவில்லை என்றும் கூறினார். குரலில் துயரம் இல்லை. கணக்கு ஒப்பிப்பவர் போலவே கூறினார். பட்டினம் மண்ணுள் மறைந்ததற்கு ஒரு பக்கம் கண்ணீர் வடித்த எமக்கு, வயல் மணலுள் மறைந்ததற்கு என்ன சொல்லுவதென்று தெரியவில்லை.

இவ்விடத்து ஒரு மறுப்பு எழலாம். பழம்பெருமையைப் பேசாவிடின் இளைஞர்க்கு ஊக்கம் ஏது? கொற்கை என்ற பெயரின் ஒளியால் அன்றோ நீவிரே ஆங்குச் சென்றீர் என்று கேட்பர். உண்மையே. வேறு பெயருள்ள கடைமடை ஊராயின் யாம் சென்றிரோம். அகழாய்வு நின்றுவிடவேண்டும் என்றும் யாம் கூறவில்லை. இன்னும் விரிவாக நடைபெறவேண்டும். தாழியும் ஓடும் மணியும் காட்சிக்கு வைக்கும்பொருட்டு நெல்லையிலே பொருநை அருங்காட்சியகம் ஒன்று 2021-இல் அறிவிக்கப்பட்டதை யாம் மகிழ்ந்தே வரவேற்றோம். ஆயின் ஒரு வினா எஞ்சுகின்றது. தாழிக்குள் இருந்த உமிக்கு ஈராயிர மூவாயிரம் ஆண்டு கழித்துக் கண்ணாடிப் பேழை செய்கின்ற நாம், அதே ஆற்றங்கரையில் இவ்வாண்டு விளைந்த நெல்லுக்கு நீர் வந்ததா என்பதை அறிய விரும்புகின்றோமா? உமியின் வயதை அறிந்த அளவுக்கேனும் மடையின் நிலையை அறிதல் வேண்டாவா?

அரசினர் செய்யவேண்டியவை பல. கடைமடைக் குளங்கள் நிரம்பியபின்னரே பிற பயன்களுக்கு மிகுதிநீரைப் பங்கிடுதல், கால்களையும் குளங்களையும் காலந்தவறாது தூர்வாருதல், கரைகளை மழைக்குமுன் உயர்த்துதல் ஆகியவற்றை எம்மினும் வல்லார் எடுத்துரைத்துள்ளனர். கொற்கை போன்ற ஊரில் குளத்தைத் தூர்வாருங்கால், வெட்டிய மண்ணைத் தொல்லியல் அறிந்த ஒருவர் உடனிருந்து நோக்குவாராயின், உழவர்க்கும் ஆராய்வார்க்கும் ஒருங்கே பயனாம். அகழ்வதற்கு நிலம் விட்டுக்கொடுக்கும் உழவர்க்கு, இழந்த போகத்தின் மதிப்பைத் தாழ்க்காது கொடுத்தலும் வேண்டும். இல்லையேல் அடுத்தமுறை ஓடு கண்டவன் அதனை ஒளித்துவிடுவான். அவனைக் குற்றங்கூறவும் நமக்கு வாயிராது.

எம்போன்ற மாணவர் செய்யக்கூடியது ஒன்று உண்டு. அதனைச் சொல்லவே இத்துணையும் எழுதினோம். நம் கல்லூரித் தமிழ்த்துறையில் ஆண்டுதோறும் சிறப்புத்தமிழ் மாணவர் கட்டுரை எழுதுகின்றனர். பெரும்பாலான கட்டுரைகள் முன்னே எழுதிய கட்டுரைகளினின்று எழுதப்படுகின்றன; எம் கொற்கைக் கட்டுரையும் அவ்வினத்தைச் சார்ந்ததே. அவற்றுள் ஒன்றையேனும் விட்டுவிட்டு, ஒவ்வொரு மாணவரும் ஒரு சிற்றூரை மேற்கொண்டு, அதன் குளம், கால், மடை, மறுகால், வயற்கூறுகளின் பெயர், அளவைப் பெயர், மண்ணின் பெயர், நெல்லின் பெயர் ஆகியவற்றை ஊராரிடம் கேட்டு எழுதுவாராக. சேதுப்பிள்ளை அவர்கள் 1946-இல் 'ஊரும் பேரும்' எழுதி ஊர்ப்பெயர்க்கு வழிகாட்டினார்கள். வயலுக்கும் மடைக்கும் உள்ள பெயர்கள் அவ்வாறு தொகுக்கப்படவேண்டும். இவை ஏட்டில் இல்லை. எழுபதும் எண்பதும் ஆண்டு நிரம்பியவர் நாவில் உள்ளன. அவர்களின் பேரப்பிள்ளைகள் தூத்துக்குடியிலும் சென்னையிலும் வேலை பார்க்கின்றனர். இன்னும் பதினைந்தாண்டு கழிந்து கேட்கச்சென்றால் கேட்பதற்கு ஆள் இரார். நம் கல்லூரியிற் பயின்று நீர்ப்பாசனத்திலும் வருவாய்த்துறையிலும் பணியாற்றும் பழைய மாணவர்கள், தம் கைவசமுள்ள பழைய நிலப்படங்களைப் பார்ப்பதற்கு வழிசெய்து உதவினால், இம்முயற்சி இன்னும் உறுதிபெறும்.

யாம் புறப்படுங்கால் அம்முதியவர் எம்மை வினவியது ஒன்றுண்டு. கொற்கையைப் பற்றி ஈராயிரம் ஆண்டுக்கு முன்னரே பாட்டு உண்டு என்று எம் தோழர் பெருமிதத்தோடு கூறிக்கொண்டிருந்தார். முதியவர் கேட்டுவிட்டு, "அந்தப் பாட்டுல எங்க கொளம் வருதா தம்பி?" என்றார். துறை வருகின்றது, முத்து வருகின்றது, கானல் வருகின்றது, பரதவர் வருகின்றனர். குளம் வருவதாக எம்மில் எவர்க்கும் நினைவு வரவில்லை. "இல்லை, ஐயா," என்றோம். அவர் தலையை அசைத்துவிட்டு, மடையைப் பார்க்கச் சென்றுவிட்டார்.

வருகின்ற சித்திரையிற் குளம் வற்றியபின், மடைகளை ஒவ்வொன்றாய்க் கண்டு பெயர் குறிப்பதற்கு யாம் மூவரும் மீண்டும் செல்வதாக உள்ளோம். உணவும் உறைவிடமும் அவ்வூரிலே ஒருவாறு கிடைக்கும் என்று தெரிகின்றது. நான்காவதாக ஒருவர் வேண்டும். நில அளவை அறிந்தவராயின் மிக நன்று. விருப்பமுடையோர் தமிழ்த்துறையிற் கேட்டு எம்மை அறியலாம்.